ஒரு கட்டுத் தாளில் ஒரு நிமிடம்: மௌனக்காலக் கார்ட்டூன் முறைகளில் எதைத் தேர்வது?

கடையில் வாங்கும் ஒரு கட்டு ஏ4 தாளில் 500 தாள்கள் இருக்கும். மௌனப்படங்கள் பல வினாடிக்கு 16 சட்டகங்களை (ஃபிரேம்களை) ஒட்டிய வேகத்தில் ஓடியவை. ஓர் ஓவியத்தை இரண்டு சட்டகங்களுக்கு நிறுத்திப் படம்பிடிக்கும் பழைய வழக்கத்தைக் கடைப்பிடித்தால் வினாடிக்கு 8 ஓவியங்கள், நிமிடத்துக்கு 480 ஓவியங்கள் என்று கணக்கு வரும். ஆகவே ஒரு கட்டுத் தாள் ஒரு நிமிடப் படத்துக்குச் சரியாக இருக்கும். பாழாக்குவதற்கு இருபது தாள்கள் மிஞ்சும். கணினியில் எல்லாம் செய்துவிடக்கூடிய இந்நாளிலும், மையும் தாளும் கொண்டு பழைய பாணியில் ஒரு சிறு கார்ட்டூனைத் தம் கையாலேயே வரைந்து பார்க்க வேண்டும் என்று ஆசைப்படுகிறவர்கள் இருக்கிறார்கள். அப்படிப்பட்டவர்கள் என்னிடம் முதலில் கேட்பது எந்த மையை, எந்தப் பேனாவை வாங்குவது என்பதைத்தான். அதற்கு முன்னால் அவர்கள் கேட்டுக்கொள்ள வேண்டிய கேள்வி, அந்தக் காலத்தவர் கையாண்ட முறைகளில் எதைப் பின்பற்றுவது என்பது.

1908 முதல் 1928 வரையிலான இருபது ஆண்டுகளில் கையால் வரையும் அசைவூட்டத்துக்கு ஐந்தாறு வழிகள் உருவாயின. அவற்றை ஒன்றைவிட ஒன்று முன்னேறிய படிக்கட்டுகளாக எண்ணுவது வழக்கம். எனக்கு அந்த எண்ணத்தில் உடன்பாடில்லை. ஒவ்வொரு வழியும் ஏதோ ஓர் உழைப்பைக் குறைப்பதற்காகப் பிறந்தது. குறைத்த உழைப்புக்கு ஈடாகத் திரையில் ஏதோ ஒன்று செய்ய இயலாமற்போயிற்று. எவ்வளவு உழைப்பு மிச்சமாகிறது என்பதைவிட, எது இயலாமற்போகிறது என்பதைப் பார்த்தே தேர்வு செய்ய வேண்டும்.

ஒப்பிடுவதற்கு வசதியாக ஒரே காட்சியை எல்லா வழிகளிலும் வைத்துப் பார்க்கலாம். தெருவிளக்கின் கீழ் ஒரு முதியவர் நிற்கிறார். மழை தொடங்குகிறது. அவர் குடையை விரிக்கிறார். காற்று குடையைப் புரட்டிவிடுகிறது. பத்து வினாடி, அதாவது 80 ஓவியங்கள்.

காலத்தால் முந்தியது எமில் கோலின் வழி. பாரிஸில் கேலிச்சித்திரக்காரராகப் பெயர் பெற்றிருந்த கோல், ஐம்பது வயதைக் கடந்தபின் கோமோன் திரைப்பட நிறுவனத்துக்காக வரைந்த ‘ஃபந்தாஸ்மகோரி’ 1908 ஆகஸ்டு 17 அன்று திரையிடப்பட்டது. அதில் ஏறத்தாழ 700 ஓவியங்கள். ஒவ்வொன்றும் இரண்டு சட்டகங்கள். படம் ஒன்றரை நிமிடத்துக்கும் குறைவு. அதற்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன் அமெரிக்காவில் ஸ்டூவர்ட் பிளாக்டன் உண்மையான கரும்பலகையில் சுண்ணக்கட்டியால் வரைந்தும் அழித்தும் முகங்களை அசையச் செய்திருந்தார். கோல் வெள்ளைத் தாளில் கறுப்பு மையால் வரைந்து, பிறகு கறுப்பையும் வெள்ளையையும் இடமாற்றிப் படியெடுத்ததால், அவருடைய படமும் கரும்பலகையில் வரைந்ததுபோலவே தெரிகிறது. கீழிருந்து ஒளி வரும் கண்ணாடிமேல் முந்தைய தாளை வைத்து, அதன்மேல் அடுத்த தாளை வைத்து, சிறு மாற்றத்தோடு நகலெடுப்பது அவர் கையாண்ட நுட்பம். தாளில் பின்னணி என்று எதுவும் இல்லை. குச்சி குச்சியான ஒரு கோமாளி உருவமும் அவனைச் சுற்றி முளைக்கும் பொருள்களும்தான்.

பின்னணி இல்லாதது குறைபோலத் தோன்றும். உண்மையில் இந்த வழியின் பலமே அதுதான். மதுப்புட்டி மலராகிறது, ஒன்று இன்னொன்றாக நெகிழ்ந்துகொண்டே போகிறது. கோடு எதற்கும் கட்டுப்பட்டதில்லை என்பதால், எந்தக் கோடும் எந்தப் பொருளுக்கும் சொந்தமில்லை. நம் காட்சியில் தெருவிளக்கைத் தனியாக வரைய வேண்டிய தேவையே இராது. முதியவருடைய கைத்தடி நீண்டு விளக்குக் கம்பமாகலாம். புரண்ட குடை வௌவாலாகிப் பறக்கலாம். மழைக்கோடுகள் கூடி அவரை அடைக்கும் கூண்டாகலாம். உழைப்பும் மிகக் குறைவு. இப்படிப்பட்ட எளிய உருவம் ஒன்றை வரைய என் கை வேகத்தில் மூன்று நிமிடம் ஆகும். 480 ஓவியங்களுக்கு 24 மணி நேரம். நாளொன்றுக்கு இரண்டு மணி நேரம் உட்கார்ந்தால் பன்னிரண்டு நாளில் ஒரு நிமிடப் படம் முடிந்துவிடும்.

இழப்பு என்ன? இடம் என்பது இல்லாமற்போகிறது. இடம் இல்லாதபோது எடையும் இல்லாமற்போகிறது. கோலின் கோமாளி விழுந்தாலும் எழுந்தாலும் நமக்கு வலிப்பதில்லை. அடுத்து என்னவாகப்போகிறான் என்று ஆவலோடு பார்க்கிறோமே தவிர, அவன் என்ன நினைக்கிறான் என்று கேட்பதில்லை. முதியவர் மழையில் நனைந்து நடுங்குவதைப் பார்த்துப் பார்வையாளர் இரக்கப்பட வேண்டும் என்று விரும்புகிறவருக்கு இந்த வழி உதவாது.

அந்த இரக்கத்தைக் கோட்டோவியத்தால் வரவழைக்க முடியும் என்று காட்டியவர் வின்சர் மெக்கே. நியூயார்க் நாளிதழ்களில் படக்கதை வரைந்து புகழ்பெற்றிருந்த அவர், 1911இல் தம் ‘லிட்டில் நீமோ’ பாத்திரங்களை 4,000 ஓவியங்களில் அசைய வைத்தார். அடுத்த ஆண்டு ஒரு கொசு உறங்கும் மனிதனின் இரத்தத்தைக் குடித்து வீங்கி வெடிப்பதை வரைந்தார். 1914 பிப்ரவரியில் சிகாகோவின் பேலஸ் அரங்கில் ‘கெர்ட்டி’ என்னும் டைனோசரோடு மேடையேறினார். மெக்கே கையில் சாட்டையோடு திரைக்குப் பக்கத்தில் நின்று கட்டளையிடுவார். திரையில் கெர்ட்டி தலைவணங்கும், முரண்டு பிடிக்கும், அதட்டினால் அழும். இறுதியில் மெக்கே திரைக்குப் பின்னால் மறைய, வரைந்த மெக்கே ஒருவர் திரைக்குள் தோன்றிக் கெர்ட்டியின்மேல் ஏறிப் போவார்.

இந்தப் படத்துக்கு ஏறத்தாழ 10,000 ஓவியங்கள் தேவைப்பட்டன. ஆறரை அங்குலமும் எட்டரை அங்குலமும் கொண்ட மெல்லிய அரிசித்தாள்களில், மூலைகளில் சிலுவைக் குறியிட்டு ஒன்றன்மேல் ஒன்று பொருந்துமாறு அவை வரையப்பட்டன. கெர்ட்டியை மெக்கே வரைந்தார்; பின்னாலுள்ள மலை, ஏரி, பாறை, மரம் அனைத்தையும் ஒவ்வொரு தாளிலும் திரும்பத் திரும்ப நகலெடுத்தவர் ஜான் ஃபிட்ஸ்சிம்மன்ஸ் என்னும் இளம் உதவியாளர். ஒவ்வொரு தாளிலும் கையால் எடுத்த நகல் என்பதால் மலையின் கோடு அசையாமல் நிற்பதில்லை. மெல்ல நடுங்கிக்கொண்டே இருக்கிறது. பின்னாளில் இதைக் குறையென்று ஒதுக்கினார்கள். எனக்கு அந்த நடுக்கம் பிடித்திருக்கிறது: உயிருள்ள ஒன்றைச் சுற்றியிருப்பதும் மூச்சுவிடுவதுபோல இருக்கிறது. மெக்கே தம் மூச்சை நேரங்கணித்துப் பார்த்தே கெர்ட்டியின் விலா ஏறி இறங்குவதை வரைந்தார் என்பதையும் இங்கே நினைத்துக்கொள்ளலாம்.

உழைப்புக்கு ஈடாகக் கிடைப்பது என்ன என்பதைக் கெர்ட்டி ஏரி நீரைக் குடிக்கும் இடத்தில் பார்க்கலாம். குடிக்கக் குடிக்க ஏரி வற்றுகிறது. கெர்ட்டியும் ஏரியும் ஒரே தாளில், ஒரே மையில் இருப்பதால், பாத்திரம் தன் சூழலை மாற்றுவதற்குத் தடை ஏதுமில்லை. ஏரியை எப்படியும் அடுத்த தாளில் மறுபடி வரையத்தான் வேண்டும். மறுபடி வரையும்போது சற்றுக் குறைத்து வரைந்தால் போயிற்று. மரத்தைப் பிடுங்கித் தின்பதும் அவ்வாறே. நம் காட்சியில், மழையில் நனைந்த விளக்குக் கம்பமும் முதியவரோடு சேர்ந்து நடுங்கும்; காற்றில் சாயும்; வேண்டுமானால் அவர் அதைக் கட்டிப்பிடித்துக்கொள்ள, அது வளையும்.

மெக்கேயிடம் கற்க வேண்டிய இன்னொன்று வரையும் வரிசை. முதல் தாளில் தொடங்கி வரிசையாகப் போகாமல், முக்கியமான நிலைகளை முதலில் வரைந்துகொண்டு, பிறகு அவற்றின் இடைவெளியை இரண்டாகவும் நான்காகவும் பிரித்து நிரப்பினார். இந்தப் பழக்கம் எந்த வழியைத் தேர்ந்தாலும் பயன்படும். வரிசையாகவே வரைந்துகொண்டு போனவர்களின் பாத்திரம் பத்து வினாடிக்குள் தலை பெருத்துக் கால் குறுகிப்போவதைப் பலமுறை பார்த்திருக்கிறேன். என் முதல் நாய் அப்படித்தான் ஒரு கீரிப்பிள்ளையாக முடிந்தது.

ஆனால் செலவைப் பாருங்கள். பின்னணியோடு ஓர் ஓவியத்துக்குப் பதினைந்து நிமிடம் என்று வைத்தாலும் 480 ஓவியங்களுக்கு 120 மணி நேரம் ஆகும். நாளுக்கு இரண்டு மணி நேரம் என்றால் இரண்டு மாதம். ஃபிட்ஸ்சிம்மன்ஸ் போன்ற ஒருவர் பக்கத்தில் இல்லாமல் மெக்கேயாக முயல்கிறவர், பெரும்பாலும் நாற்பதாவது விளக்குக் கம்பத்தோடு படத்தைக் கைவிட்டுவிடுவார்.

அந்த நாற்பதாவது கம்பத்தை வரையும் சலிப்பிலிருந்து தப்புவதற்கான வழிகள் 1914ஐ ஒட்டி ஒரே நேரத்தில் பல இடங்களில் தோன்றின. வாரந்தோறும், மாதந்தோறும் கார்ட்டூன் கொடுக்க வேண்டிய வணிகக் கட்டாயம் அப்போது வந்துவிட்டது. மெக்கேயைப்போல ஒரு படத்துக்கு மாதக்கணக்கில் உட்கார்ந்திருக்க யாராலும் முடியவில்லை. மாண்ட்ரியாலிலிருந்து நியூயார்க் வந்த ரவுல் பாரே, பில் நோலனோடு சேர்ந்து தொடங்கிய கார்ட்டூன் கூடத்தில் இரண்டு எளிய தீர்வுகளைக் கண்டார். ஒன்று, தாளில் ஒரே சீராகத் துளையிட்டு, மேசையில் அதற்கேற்ப முளைகள் வைத்துத் தாள்களைப் பொருத்துவது. இன்றும் இதைவிட நல்ல வழி இல்லை. அலுவலகத்தில் கோப்புக்குத் துளையிடும் கருவியும், அந்தத் துளைகளுக்குள் பொருந்தும்படி அட்டையில் ஒட்டிய இரண்டு மரத்துண்டுகளும் போதும். மற்றொன்று, தாளைக் கிழிக்கும் முறை. பின்னணியை ஒரு தாளில் ஒருமுறை மட்டும் வரைவார்கள். பாத்திரம் அசையும் பகுதியில் மேல் தாளைக் கிழித்து எடுத்துவிட்டால், கீழ்த் தாளில் இருப்பது அந்த இடைவெளியில் தெரியும். விளக்குக் கம்பம் ஒரு தாளில் நிலையாக இருக்க, முதியவரை மட்டும் 80 தாள்களில் வரைந்தால் போதும்.

இதற்குத் தாளும் கத்தரியும் தவிர வேறு செலவில்லை. ஆனால் கிழித்த விளிம்பு படத்தில் மெல்லிய நிழற்கோடாக விழும்; இரண்டு பக்கமும் சமமாக விளக்கு வைத்து, மேலே கண்ணாடித் தகட்டால் அழுத்தினால்தான் அது மறையும். முதியவர் கம்பத்தைத் தாண்டி நடக்க வேண்டுமென்றால் கிழிசலின் வடிவத்தையே மாற்ற வேண்டிவரும். ஆகவே இந்த வழியில் வரைகிறவர், பாத்திரம் எங்கெங்கே போகும் என்பதைத் தாள் எடுப்பதற்கு முன்பே முடிவு செய்துவிட வேண்டும். திட்டமிட்டு வேலை செய்யும் இயல்புடையவருக்கு இது ஏற்றது. வரையும்போதே கதையைக் கண்டுபிடிக்கிறவருக்கு இது கால்விலங்கு.

வரலாற்றில் வென்றது, செல்லுலாய்டுத் தகட்டில் வரையும் ‘செல்’ முறை. அமெரிக்கக் கார்ட்டூன் தயாரிப்பாளர் ஜான் பிரே 1914இல் தம் முதல் காப்புரிமைகளைப் பெற்றார்; பின்னணியைத் தாள்களில் அச்சிட்டுக்கொண்டு, உருவம் மறைக்கும் இடத்தில் மட்டும் அதை அழிப்பது அவருடைய தொடக்க யோசனைகளுள் ஒன்று. அதே ஆண்டு டிசம்பரில் எர்ல் ஹர்ட் ஒளி ஊடுருவும் செல்லுலாய்டுத் தகட்டில் அசையும் உருவத்தை வரைந்து, கீழே வண்ணம் தீட்டிய பின்னணியை வைக்கும் முறைக்கு விண்ணப்பித்து 1915இல் காப்புரிமை பெற்றார். இருவரும் சேர்ந்து அமைத்த நிறுவனம், 1932இல் காப்புரிமை காலாவதியாகும்வரை மற்றக் கூடங்களிடம் உரிமக் கட்டணம் வாங்கிவந்தது. தம் நுட்பங்களுக்குக் காப்புரிமை பெற விரும்பாத மெக்கே மீதும் பிரே வழக்குத் தொடுத்துத் தோற்றார் என்பது இந்தக் கதையில் எனக்குப் பிடித்த பகுதி. ஆயினும் மெக்கேயே 1918இல் வெளியிட்ட ‘லூசிடானியா கப்பல் மூழ்கிய’ படத்துக்குச் செல் தகடுகளைத்தான் பயன்படுத்தினார். ஏறத்தாழ 25,000 ஓவியங்கள், 22 மாத உழைப்பு கொண்ட அந்தப் படம், செல் வந்தால் உழைப்பு தானாகக் குறைந்துவிடும் என்று நினைப்பவர்களுக்கு நல்ல எச்சரிக்கை.

செல்லின் வசதி மறுக்க முடியாதது. முதியவரின் உடல் அசையாமல் கை மட்டும் குடையை விரித்தால், உடல் ஒரு தகட்டிலும் கை இன்னொரு தகட்டிலும் இருக்கும். கையை மட்டும் மறுபடி வரையலாம். பின்னணியில் சாம்பல் நிறத்தின் பல படிகளைத் தீட்டி ஈரமான தெருவை முழுமையாகக் காட்டலாம். ஆனால் இந்த வசதி ஆட்கள் நிறைந்த கூடத்துக்காகப் பிறந்தது. ஒருவர் தாளில் வரைய, இன்னொருவர் அதைத் தகட்டில் மையால் படியெடுக்க, மூன்றாமவர் தகட்டின் பின்புறம் வண்ணம் தீட்ட, நான்காமவர் படம்பிடிக்க என்று வேலை பிரிந்தால்தான் அது மலிவு. தனியாள் ஒருவருக்கு ஒவ்வோர் ஓவியமும் மூன்று முறை வரைந்ததற்குச் சமமாகிவிடும். தகடுகளை அடுக்க அடுக்கக் கீழ்த் தகட்டின் நிறம் மங்கும். ஒரு காட்சி முழுதும் மங்கல் ஒரே அளவில் இருக்க வேண்டுமென்றால், தேவையில்லாத இடத்திலும் வெற்றுத் தகட்டை வைத்து எண்ணிக்கையைச் சமமாக்க வேண்டும். தூசியும் கைரேகையும் தனிக் கதை.

என் தயக்கத்துக்கு இவையெல்லாம் சிறு காரணங்களே. உருவம் ஒரு தகட்டுக்கும் உலகம் இன்னொரு தகட்டுக்கும் பிரிந்த பின், ஒன்று மற்றொன்றைத் தொடுவது கடினமாகிவிடுகிறது. கெர்ட்டி குடித்த ஏரி இங்கே ஓவியர் அழகாகத் தீட்டிவைத்த பின்னணி. அதை யாரும் குடிக்க முடியாது. செல் கார்ட்டூன்களில் பாத்திரங்கள் அசைக்கப்போகும் கதவு மட்டும் பின்னணியிலிருந்து வேறு நிறத்தில் தெரிவதைச் சிறுவயதில் கவனித்திருப்பீர்கள். எது அசையும், எது அசையாது என்று படமே முன்கூட்டிக் காட்டிக்கொடுத்துவிடும்.

கிழித்த தாளுக்கும் செல்லுக்கும் நடுவே ஒரு குறுக்கு வழி இருந்தது. அதைக் கையாண்டவர்கள் அந்தக் காலத்தின் மிகப் புகழ்பெற்ற கார்ட்டூன் பாத்திரத்தையே உருவாக்கினார்கள் என்பதை அதிகம் பேர் கவனிப்பதில்லை. பேட் சல்லிவனின் கூடத்தில் ஓட்டோ மெஸ்மர் வரைந்த ஃபெலிக்ஸ் பூனை 1919இல் முதன்முதலாகத் திரைக்கு வந்தது. அங்கே செல் முறையைத் தலைகீழாக்கினார்கள்: பூனையைத் தாளில் மையால் வரைந்தார்கள், பின்னணியை ஒரு செல் தகட்டில் வரைந்து தாளின் மேல் வைத்தார்கள். ஒரு காட்சிக்கு ஒரே ஒரு தகடு. அதை மாற்றாமல், கீழே தாள்களை மட்டும் மாற்றிக்கொண்டே போகலாம்.

இதன் கட்டுப்பாட்டைச் சற்று யோசித்தால் விளங்கும். பின்னணிக் கோடுகள் மேலே இருப்பதால், பூனை அவற்றுக்குக் குறுக்கே வந்தால் அதன் உடலின்மேல் வேலியும் சன்னலும் கோடுகளாகத் தெரியும். ஆகவே நடுவெளியைக் காலியாக விட்டு, ஓரத்தில் ஒரு வேலி, தூரத்தில் ஒரு கூரை, கீழே ஒரு தரைக்கோடு என்று பின்னணியைச் சுருக்கிக்கொள்ள வேண்டும். ஃபெலிக்ஸ் படங்களின் வெளிகள் அப்படித்தான் இருக்கின்றன. அந்தக் காலிவெளியில் பூனைக்குத் துணையாகக் கிடைப்பது அதன் உடல் மட்டுமே. வால் கழன்று கைத்தடியாகிறது. தலைக்கு மேல் தோன்றும் கேள்விக்குறி கொக்கியாகிறது. கோலிடம் நாம் பார்த்த கோட்டின் சுதந்திரம் இங்கே திரும்ப வருகிறது. ஆனால் இம்முறை அதைப் பயன்படுத்துகிறவனுக்கு மூளை இருக்கிறது: முதுகுக்குப் பின்னால் கைகட்டி, தலைகுனிந்து, முன்னும் பின்னும் நடந்து யோசித்துவிட்டுத்தான் ஃபெலிக்ஸ் வாலைக் கழற்றுகிறது. கோலிடம் இல்லாத மனமும் செல் முறையில் தொலைந்த நெகிழ்வும் ஒருங்கே இருக்கும் இடம் எனக்குத் தெரிந்து இதுதான்.

நம் முதியவரைத் தகட்டில் ஓரமாக நிற்கும் விளக்குக் கம்பத்துக்கு அருகே, காலிவெளியில் நிறுத்தலாம். மழையையும் அவர் இருக்கும் தாளிலேயே வரையலாம். குடை பறந்துபோனதும் அவர் திகைத்து ‘ஏன்?’ என்று கேட்க, தலைக்கு மேல் தோன்றும் அந்த ‘ஏ’யின் காலைப் பிடித்து இழுத்துக் கம்பியாக்கி, கேள்விக்குறியின் வளைவைக் கைப்பிடியாக்கி, புதுக் குடை செய்துகொள்ளலாம். தமிழ் எழுத்துகளில் சுழியும் கொம்பும் காலும் இத்தனை இருக்க, அவற்றைப் பொருள்களாக்கி விளையாடாமல் விடுவது ஒரு கார்ட்டூன்காரருக்கு அழகில்லை. நேரக் கணக்கிலும் இது நடுவில் நிற்கிறது: ஓர் ஓவியத்துக்கு ஐந்து நிமிடம் என்றால் 480க்கு 40 மணி நேரம், அதாவது இருபது நாள்.

இனி வருவது, புதியவர்கள் பெரும்பாலும் முதலில் நாடும் வழி. மேக்ஸ் பிளைஷர் 1915இல் விண்ணப்பித்து 1917இல் காப்புரிமை பெற்ற ரோட்டோஸ்கோப் என்னும் கருவி, நடிகரை வைத்துப் பிடித்த படத்தைச் சட்டகம் சட்டகமாகக் கண்ணாடிமேல் விழச்செய்து, அதன்மேல் தாளை வைத்து நகலெடுக்க உதவியது. மேக்ஸின் தம்பி டேவ் கோமாளி உடையணிந்து நடித்தார். சகோதரர்கள் வேலை முடிந்த இரவுகளில் உட்கார்ந்து வரைந்தார்கள். முதல் சோதனைத் துண்டுக்கே ஏறத்தாழ ஓர் ஆண்டு ஆயிற்று. அந்தக் கோமாளிதான் பின்னர் ‘மைக்கூட்டிலிருந்து’ வரிசையில் கோகோவாக வளர்ந்தவன். இன்று கைப்பேசியில் நண்பரைப் படம்பிடித்து, கணினித் திரையில் ஒவ்வொரு சட்டகமாக நிறுத்தித் தாளில் நகலெடுக்கலாம். எவரும் செய்துவிடலாம் என்பதால்தான் ஆசை வருகிறது.

நானும் அந்த ஆசையில் விழுந்தவன். குடை விரிக்கும் ஒருவரைப் படமெடுத்து 80 சட்டகங்களை அப்படியே நகலெடுத்தேன். அசைவு துல்லியமாக இருந்தது, பாத்திரம் செத்துக்கிடந்தது. மனிதர் குடை விரிக்கும்போது தோள் எவ்வளவு குறைவாக அசைகிறது என்பது அப்போதுதான் தெரிந்தது. கார்ட்டூனுக்கு அந்தத் தோள் காதுவரை எழும்ப வேண்டும். பிளைஷர் சகோதரர்களும் இதை உணராமலில்லை. 1923இல் டிக் ஹியூமர் அங்கே சேர்ந்து கோகோவின் உருவத்தை மாற்றியமைத்த பின், நகலெடுப்பதை வெகுவாகக் குறைத்துக்கொண்டு கையின் கற்பனைக்கே இடம் கொடுத்தார்கள். வரைந்த கோமாளியை உண்மையான மேசைமேல் நடக்கவிட்டு, மேக்ஸின் உண்மையான கையோடு சண்டையிட வைத்தது அந்த வரிசையின் உயிர். நகலெடுத்த அசைவு அதில் ஒரு பகுதிதான். ஆகவே ரோட்டோஸ்கோப்பைப் படிக்கும் கருவியாக வைத்துக்கொள்ளுங்கள். நடை எப்படி அமைகிறது, குதிக்குமுன் உடல் எங்கே தாழ்கிறது என்று பத்துப் பதினைந்து சட்டகங்களை நகலெடுத்துப் பார்த்துவிட்டு, அந்தத் தாள்களை மூடிவைத்துவிட்டு வரையத் தொடங்கலாம்.

வெட்டிய உருவங்களை நகர்த்திப் படம்பிடிக்கும் வழியையும் சிலர் பரிந்துரைப்பார்கள். பெர்லினில் பிறந்த லோட்டே ரைனிகர் கறுப்பு அட்டையும் மெல்லிய ஈயத் தகடும் கொண்டு மூட்டுகள் அமைத்த நிழலுருவங்களால் 1926இல் ‘இளவரசர் அக்மத்’ என்னும் முழுநீளப் படத்தையே முடித்தார். அர்ஜென்டினாவில் கீரினோ கிறிஸ்தியானி அட்டை உருவங்களால் 1917இலேயே நீண்ட படம் ஒன்று எடுத்தார், அது பின்னர் தீயில் அழிந்தது. இது பெருங்கலை என்பதில் ஐயமில்லை. ஆனால் இங்கே ஓவியம் ஒருமுறைதான் வரையப்படுகிறது. மற்றதெல்லாம் விரல் நுனியின் வேலை. தாளில் கோடு உயிர்பெறுவதைக் காண விரும்பி வந்தவருக்கு இது வேறு ஊருக்குப் போகும் வண்டி.

படம்பிடிக்கும் வேலையில் எல்லா வழிகளுக்கும் பொதுவான சில குறிப்புகளைச் சொல்லிவிடுகிறேன். கணினித் தொகுப்பில் வினாடிக்கு 24 சட்டகம் என்று அமைத்து, ஒவ்வோர் ஓவியத்தையும் மூன்று சட்டகங்களுக்கு நிறுத்தினால் வினாடிக்கு 8 ஓவியங்கள் என்ற அதே மௌனக்காலக் கணக்கு வந்துவிடும். விரைவான அசைவு வரும் இடத்தில் மட்டும் இரண்டாகக் குறைக்கலாம். அங்கே தாள் கூடுதலாகச் செலவாகும். கைப்பேசியில் ஒளி அளவையும் குவியத்தையும் பூட்டிவைக்க வேண்டும். இல்லாவிட்டால் தாளில் மை கூடக் குறைய, திரை மின்னிக்கொண்டே இருக்கும். பகல் வெளிச்சத்தை நம்பாதீர்கள்: 480 தாள்களைப் பிடித்து முடிப்பதற்குள் வெயில் இடம் மாறிவிடும்.

இரண்டு பேர் சேர்ந்து வேலை செய்கிறார்கள், கையில் மூன்று மாதம் இருக்கிறது, சூழலைத் தொட்டு மாற்றும் பாத்திரம் ஒன்று மனத்தில் இருக்கிறது என்றால், மெக்கேயின் வழியில் அரை நிமிடம் மட்டும் வரையச் சொல்வேன். அந்த நடுங்கும் மலைகளுக்கு ஈடாக எதுவும் இல்லை. ஐந்தாறு பேர் கொண்ட குழுவாக, வேலையைப் பிரித்துச் செய்யும் ஒழுங்கும் இருந்தால் செல்லை முயலலாம். பாரேயின் கிழித்த தாளை, ஒரே இடத்தில் நின்று பேசும் பாத்திரங்களுக்கு மட்டும் வைத்துக்கொள்ளலாம். தனியாக, முதன்முறையாக, ஒரு கட்டுத் தாளோடு உட்காருகிறவருக்கு என் பரிந்துரை, கோலில் தொடங்கி ஃபெலிக்ஸில் முடிப்பது.

முதல் 80 தாள்களைப் பின்னணி எதுவும் இல்லாமல் கோலின் வழியில் செலவழியுங்கள். முதியவரையும் குடையையும் மட்டும் வைத்து, குடை குறைந்தது மூன்று பொருள்களாக மாற வேண்டும் என்ற ஒரே விதியோடு வரைந்து, படம்பிடித்துப் பாருங்கள். அந்தப் பத்து வினாடியில் கை பழகிவிடும். உங்கள் முதியவரின் மூக்கும் தொப்பியும் ஒரு நிலைக்கு வந்துவிடும். மீதி 400 தாள்களை ஃபெலிக்ஸ் வழிக்கு வைத்துக்கொள்ளுங்கள். அதற்கான தகட்டைத் தேடி அலைய வேண்டாம். சுருள் கம்பி போட்டுப் புத்தகம் கட்டித்தரும் ஜெராக்ஸ் கடைகளில் அட்டைக்கு மேல் வைக்கும் ஓஎச்பி ஷீட் என்னும் ஒளி ஊடுருவும் தாளைச் சில்லறையில் கொடுப்பார்கள். காட்சிக்கு ஒன்று போதும் என்றாலும் இரண்டு கூடுதலாக வாங்குங்கள். அழியா மைப் பேனாவால் அதில் கம்பத்தை வரைந்த பின் ஐந்து நிமிடமாவது காயவிட வேண்டும். என் முதல் தெருவிளக்கு முதியவரின் தொப்பியில் ஒட்டிக்கொண்டு வந்துவிட்டது.